நாற்பது பேரின் அலுப்பு

ஹம்பேர்க்கில் எங்கள் ஆட்களின் கலியாணம், பெண்பிள்ளைகள் பெரியவளாகும் சாமத்தியவீடு எல்லாவற்றுக்கும் வீடியோ எடுக்கிறவன் நான். ஒருவரிடமும் படிக்கவில்லை, எடுத்து எடுத்துப் பழகியதுதான். ஒருமுறை துருக்கிக் கலியாணம் ஒன்றுக்குப் போனேன். மணமகளின் அக்கா திரைப்பட இயக்குநர். என் கமெரா அசையாமல் நிற்கிறது என்று பாராட்டினார். அப்படித்தான் அவருடைய இரண்டாவது படத்துக்குள் கமெராக்காரனாக வந்தேன்.

அவருடைய முதல் படத்தைப் பற்றி எல்லோரும் பேசினார்கள். இரண்டாவதற்கு நிதி கேட்டு ஒன்பது வருஷம் விண்ணப்பம் எழுதினார். துருக்கிக் குடும்பக் கதையில் அடிக்கிற அப்பா எங்கே என்றுதான் ஒவ்வொரு நிதிக்குழுவும் கேட்டதாம். ‘எங்கள் அப்பா சமையல்தான் செய்வார், நான் என்ன செய்ய’ என்று சொல்லிச் சிரிப்பார். பிறகு சிரிப்பதையும் விட்டுவிட்டார்.

ஒருவழியாகச் சின்ன நிதியுதவி ஒன்று கிடைத்தது. படமே ஒரு காட்சியை நம்பித்தான் நின்றது: வெளிநாட்டவர் அலுவலகத்தில் விசாவுக்காகக் காத்திருக்கும் நாற்பது பேர். மூடிக்கிடந்த பள்ளி மண்டபம் ஒன்றை ஒரேயொரு ஞாயிறு, மாலை ஐந்து மணிவரை தந்தார்கள். அன்று தவறினால் படம் இல்லை. ஆட்களுக்கு நான் பொறுப்பு என்று சொல்லியிருந்தேன்.

எங்கள் ஆட்கள் வந்தார்கள், பட்டுச்சேலையும் நகையுமாக. ‘படம் எடுக்கினம்’ என்று மட்டும் சொன்ன பிழை என்னுடையது. குளிர்கோட்டுகளைப் போட்டு மூடினோம். கமெரா ஓடியதும் நாற்பது முகங்களும் திரும்பி, நாடியை உயர்த்திப் புன்னகைத்தன. அவர்களைக் குறைசொல்ல ஏலாது. இருபது வருஷமாக ‘இஞ்ச பாருங்கோ, சிரியுங்கோ’ என்று பழக்கியவன் நான்தான்.

மூன்று முறை எடுத்தும் அதேதான். இயக்குநர் கோபிக்கவில்லை. கமெராவையும் விளக்கையும் அப்படியே விடச்சொல்லிவிட்டு, இரண்டாம் வரிசையில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் போய் உட்கார்ந்தார். காத்திருப்போம் என்றார். எதற்கென்று சொல்லவில்லை.

தேநீர் முடிந்தது. யார் யாருக்கு என்ன உறவுமுறை என்ற பேச்சும் முடிந்தது. கலியாணவீட்டில் இருப்பதுபோல, மாப்பிள்ளை இன்னும் வெளிக்கிடேல்லையோ என்று ஓர் அண்ணை கேட்டதற்கு முதலில் சிரித்தவர்கள், அவர் இரண்டாந்தரம் கேட்டபோது சிரிக்கவில்லை. நகை குத்துகிறதென்று கழற்றிப் பைக்குள் வைத்தார்கள். நான் மணிக்கூட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

நாலு மணி தாண்டியபிறகு முன்வரிசை அக்கா ஒருவர், “தம்பி, இன்னும் எவ்வளவு நேரம்? இருந்து இருந்து நாரி உளையுது. முந்தி விசாவுக்கும் இப்பிடித்தான் இருந்தனாங்கள்” என்றார்.

அதை நான் இயக்குநருக்கு ஜெர்மன் மொழியில் சொன்னேன். அவர் எழும்பவில்லை. இருந்த இடத்திலிருந்தே ஒரு விரலை மட்டும் உயர்த்தினார். கமெராவை ஓடவிட்டேன். ஒருவரும் திரும்பவில்லை.

அந்தக் காட்சிக்கு அந்த ஒரே ஷொட்தான் படத்தில் இருக்கிறது. இரண்டாம் வரிசை ஓரத்தில், கையை மடியில் போட்டபடி இயக்குநரும் காத்திருக்கிறார். அந்த ஓரத்தை வெட்டிவிடலாமா என்று பிறகு கேட்டேன். வேண்டாம் என்றார். மூன்றாவது படத்துக்கான நிதி விண்ணப்பத்தை, நான் அதைக் கேட்ட அன்று காலையில்தான் தபாலில் போட்டிருந்தார்.