விடுபட்ட பசலி

அப்பா எங்களைப் பிரிந்து இந்தத் தை அமாவாசையோடு ஓராண்டு ஆகிறது. தேதியில் பிழை வரக்கூடாது என்று எண்ணித்தான் எழுத உட்கார்ந்தேன். முதல் வரியிலேயே தடுக்கியது. அவர் பிறந்த தேதி எங்கும் பதிவாகவில்லை. சிங்கப்பெருமாள் கோவிலுக்கு மேற்கே ஒரு சிற்றூரில், பிறர் நிலத்தில் கூலி வேலை செய்த குடும்பத்தில் பிறந்தார் என்பது மட்டும் உறுதி.

எழுபதுகளின் முடிவில் அம்மாவையும் எங்கள் மூவரையும் அழைத்துக்கொண்டு சேலையூருக்குத் தெற்கே வந்தார். ஊர்க் கணக்கில் ‘கல்லாங்குத்து’ என்று எழுதியிருந்த அரசுத் தரிசில் அரை ஏக்கரைக் கொத்தி, கல் பொறுக்கி, கீரையும் கத்தரியும் வைத்தார். தாம்பரம் சந்தைக்குத் தலைச்சுமையாகவே கொண்டுபோனார்.

அரசு நிலத்தில் அனுமதியின்றிப் பயிர் வைப்பவருக்கு ஆண்டுதோறும் கிராம அலுவலர் ‘பி மெமோ’ கொடுப்பார். ஆக்கிரமிப்புக்கான அபராதத் தாள் அது. அப்பாவோ அதற்காகக் காத்திருப்பார். பசலி என்பது ஜூலையில் தொடங்கும் வருவாய்த் துறை ஆண்டு. ஒவ்வொரு பசலியிலும் நாங்கள் அந்த நிலத்தில் இருந்தோம் என்பதற்கு அந்தத் தாள் ஒன்றே சான்று. சான்று விடாமல் சேர்ந்தால் பட்டா கேட்கலாம். பட்டா இல்லையேல் எந்த நாளும் எங்களைக் கிளப்பிவிடலாம்.

ஓராண்டு அலுவலர் வரத் தாமதமானபோது அப்பாவே தேடிப் போனார்.

“ஃபைன் போடாம விட்டா சந்தோஷப்படணும்யா. தேடி வந்து கேக்கற ஆள இப்பத்தான் பாக்கறேன்” என்றாராம் அலுவலர்.

“போட்டுடு சார். போடலன்னா நான் அங்க இல்லாத ஆளாயிடுவேன்” என்றாராம் அப்பா.

பிற்பாடு பல நாடுகளின் நிலச் சீர்திருத்தம் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். உச்சவரம்பும் உபரி நிலமும் பக்கம் பக்கமாக வந்தன. அபராதம் கேட்டு நிற்கும் ஏழையை மட்டும் எதிலும் காணவில்லை.

அந்த மெமோ சீட்டுகளைப் பசலி வாரியாகக் கோப்பில் அடுக்குவது என் வேலை. எண்பதுகளின் நடுவில் ஒரு பசலிக்கு மட்டும் சீட்டு இல்லை. கேட்டால், “எலி கட்ச்சிருக்கும்” என்பார். முன்னும் பின்னும் உள்ளவற்றை விட்டு நடுத்தாளை மட்டும் தேர்ந்து கடித்த எலியை நான் நம்பவில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் பட்டா விசாரணை வந்தது. தாலுகா அலுவலகத்தில் எழுத்தர் கோப்பைப் புரட்டி, “நடுவுல ஒரு வருஷம் எங்க போயிருந்தீங்க?” என்று கேட்டார்.

“எங்கியும் போவல சார்” என்றார் அப்பா. மனு திரும்பியது. எங்களுக்குப் பின்னால் வந்து பக்கத்தில் வேலி போட்ட கஸ்தூரி அக்காவுக்கு முதல் பட்டியலிலேயே பட்டா கிடைத்தது. அன்று அப்பா லட்டு வாங்கி வந்தார். அம்மா அதைத் தொடவில்லை. அக்காவோடு பேச்சையும் நிறுத்திவிட்டார்.

அதன்பின் சுற்றிலும் மனைக் கற்கள் முளைத்தன. தரகர் ஒருவர் வாரந்தோறும் வந்து, “பெரியவரே, தாள் இல்லாத எடத்துல எத்தினி நாளு குந்திகினு இருப்ப?” என்று கேட்பார். அப்பா கீரைக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருப்பார். மூன்று ஆண்டுகள் அப்படியே கழிந்தன. மறு விசாரணையில், அவர் வெட்டிய கிணற்றையும் வளர்த்த வேப்பமரத்தையும் நேரில் பார்த்த பிறகே பட்டா தந்தார்கள். அதை அரிசி டிரம்முக்குள் பத்திரப்படுத்தினார். தம் பெயரில் இருந்த நிலத்தில் நான்கு ஆண்டுகள் பயிர் செய்தார். இருமல் முற்றிப் பத்து நாள் படுக்கையில் இருந்து அடங்கினார்.

பதினாறாம் நாள் கஸ்தூரி அக்கா ஒரு பிளாஸ்டிக் உறையோடு வந்தார். உள்ளே விடுபட்ட பசலியின் சீட்டு. பெயர் அக்காவுடையது. நிலத்துக்கு அடையாளமாக எழுதியிருந்ததோ எங்கள் வேப்பமரம்.

“எம் புருசன் பூட்ட வருசம் தம்பி அது. நேத்து வேலி போட்டவளுக்கு மெமோ கெடையாதுன்னுட்டாரு அந்த சார். உங்கப்பாதான், ‘எனக்குப் போடறத இந்தப் பொண்ணு பேருல போடு சார், என்கிட்ட முந்தின தாளுங்க கீது’ன்னாரு. வெளிய சொன்னா என் தாளு செல்லாதுன்னு வாயக் கட்டிட்டாரு. உங்கம்மா மூஞ்ச திருப்பிகினு போவசொல்லோ எல்லாம் சொல்லிடலாம்னு நாக்கு வரிக்கும் வரும்.”

உள்ளே கேட்டுக்கொண்டிருந்த அம்மா காபியோடு வந்தார்.

“அந்த லட்ட நான் துன்னவேயில்ல கஸ்தூரி” என்றார்.

அக்காவின் இசைவோடுதான் இதை எழுதுகிறேன். கடைசி நாட்களில் அப்பாவைத் தம் ஆட்டோவிலேயே மருத்துவமனைக்கு அழைத்துப் போன தெருக்காரர்களுக்கும், தோள் கொடுத்தவர்களுக்கும், அம்மாவைத் தனியே விடாமல் உடனிருந்த உறவினர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். கஸ்தூரி அக்காவுக்கு நன்றி சொல்ல அம்மா தாமே போவதாகச் சொல்லிவிட்டார்.

அக்காவின் சீட்டை நகலெடுத்துக் கோப்பில் உரிய இடத்தில் சேர்த்துவிட்டேன். எழுத்தர் கேட்ட கேள்விக்கு இப்போது என்னால் விடை சொல்ல முடியும். அந்த ஆண்டு அப்பா எங்கும் போகவில்லை. பக்கத்து வேலிக்குள் இருந்தார்.