பதினாறாம் நாள் பேசிய வீடு

கல்யாணமாகி ஆஸ்டின் டவுனில் நாங்கள் குடிவந்த வீட்டில் ஒரே ஒரு அறைதான். சுதந்திரம் வந்து ஐந்தாறு வருஷம் ஆகியிருக்கும். அந்த அறைக்கு ஒரு குணம் உண்டு. உள்ளே எழும் எந்தச் சத்தமும் பதினாறாம் நாள் அதே நேரத்துக்கு இன்னொரு தரம் கேட்கும். ஒரே தரம்தான், அப்புறம் வராது. திங்கட்கிழமை கைதவறிப் போட்ட தட்டு, இரண்டு வாரம் கழித்துச் செவ்வாய்க்கிழமை மறுபடி விழும். தட்டு அது பாட்டுக்கு அலமாரியில் இருக்கும். சாவி கொடுக்கும்போதே வீட்டுக்கார அம்மா கன்னடமும் தமிழுமாகச் சொல்லிவிட்டார்: “ஏனூ ஆகல்லம்மா, ஒண்ணும் ஆகாது. சத்தம்தானே, கடிச்சா வைக்கும்?”

பழகிவிட்டது. மனுஷி எதற்குத்தான் பழகமாட்டாள்? சண்டையென்றால் வாசலுக்குப் போய்ப் போட்டோம். விருந்தாளி வருவதாக இருந்தால், பின்னோக்கி நாள் எண்ணி அன்றைக்கு என்ன பேசினோம் என்று யோசிப்போம். எனக்கு வாய் நீளம். யோசிக்க நிறைய இருக்கும்.

அவருக்கு மில்லில் காலை ஷிப்ட். ஒருநாள் ஆறரை மணிக்கு அவர் கிளம்பும்போது, தங்கவயலில் என் தங்கைக்கு வளைகாப்பு, இன்றைக்கே போகவேண்டும் என்றேன். ஞாயிற்றுக்கிழமை சேர்ந்து போகலாம் என்றார். நாக்கில் சனி உட்கார்ந்திருந்தது போல. வாசலுக்குப் போகக்கூடப் பொறுமையில்லை.

“போங்க, போய்த் தொலைங்க. திரும்பி வராட்டியும் பரவாயில்ல.”

சொல்லிவிட்டுக் குடத்தைத் தூக்கிக்கொண்டு குழாயடிக்கு நடந்துவிட்டேன். உள்ளேயிருந்து அவர் ஏதோ சொன்னார். குரல் கேட்டது, வார்த்தை கேட்கவில்லை. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

பத்து மணிக்கு மில்லிலிருந்து ஆட்கள் வந்தார்கள். மெஷின் பக்கத்தில் நின்றவர் அப்படியே சரிந்துவிட்டாராம். மாரடைப்பு.

நான் அழவில்லை. கல்லு மாதிரி உட்கார்ந்திருக்கிறாளே என்று நாத்தனார் யாரிடமோ சொன்னது காதில் விழுந்தது. சரியாகத்தான் சொன்னார். எனக்கு ஒன்றுமே தோன்றவில்லை. சோறு போட்டால் சாப்பிட்டேன், படு என்றால் படுத்தேன்.

அவர் போன பிறகும், இரண்டு வாரத்துக்கு முந்தைய அவர் சத்தங்கள் நாள்தோறும் வந்துகொண்டிருந்தன. மூன்றாம் நாள் இருமினார். ஐந்தாம் நாள் தீப்பெட்டி எங்கே என்று கேட்டார். மாமியார் எழுந்து தேடவே போய்விட்டார். ஒவ்வொன்றுக்கும் வீடே அழுதது. நான் மட்டும் நாள் எண்ணிக்கொண்டிருந்தேன். கருமாதியும் பதினாறாம் நாள்தான். விடியற்காலையிலேயே சொந்தமெல்லாம் அந்த அறையில் கூடும். ஆறரைக்கு நான் சொன்னது எல்லார் காதிலும் விழும். இவள்தான் வாயால் கொன்றாள் என்பார்கள். சாகும்வரை சொல்வார்கள்.

தப்பிக்க வழி இருந்தது. சங்கு ஊதுகிறவர் ஆறு மணிக்கே வந்துவிட்டார். அவர் ஊதி, சேகண்டியை அடித்தால் அந்தச் சின்ன அறையில் வேறெதுவும் கேட்காது. ஆறேகாலுக்கு ஆரம்பிக்கலாமா என்று அவரே என்னைக் கேட்டார். தலையாட்டியிருந்தால் போதும், என் பேச்சு அதோடு போயிருக்கும். ஆனால் அன்றைக்கு நான் குடத்தோடு நடந்தபோது அவர் என் முதுகுக்குப் பின்னால் சொன்னதும் அதோடு போயிருக்கும். கொஞ்ச நேரம் யாரும் சத்தம் போடவேண்டாம் என்றேன்.

ஆறரை ஆயிற்று. “போய்த் தொலைங்க” என்று என் குரல் கேட்டது. முழுசாகக் கேட்டது. மாமியார் வாயைப் பொத்திக்கொண்டார். நாத்தனார் என்னையே பார்த்தார். நான் தலையைக் குனியவில்லை, குனியவேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. கதவு அடித்துக்கொண்டது. பிறகு அவர் குரல், கோபமே இல்லாமல்:

“கொடத்த முழுசா ரொப்பாத, இடுப்பு புடிச்சிக்கும். நான் வந்து ஒரு நடை எடுக்கறேன்.”

உள்ளே நிறுத்தியிருந்த சைக்கிளின் ஸ்டாண்டைத் தட்டிவிடுகிற சத்தம். அவ்வளவுதான் அவர் அந்த வீட்டில் வைத்துவிட்டுப் போனது.

“சரிங்க” என்றேன். என்னை அறியாமல் வந்துவிட்டது. நாத்தனார் பக்கத்தில் வந்து உட்கார்ந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். எனக்கு அந்தக் கையும் மரத்துப்போய்த்தான் இருந்தது. பிறகு சங்கு ஊதினார்கள்.

எல்லாரும் ஊருக்குப் போனபின் மாசக் கடைசிவரை அங்கே தனியாக இருந்தேன். கருமாதியிலிருந்து பதினாறாம் நாள் காலை, பாத்திரம் கட்டிக்கொண்டிருந்தேன். ஆறரைக்கு யாரும் எதுவும் சொல்லாமலே அறைக்குள் “சரிங்க” என்று கேட்டது. என் குரல்தான். அவர் இருந்தபோது அவ்வளவு பணிவாக ஒருநாளும் நான் சொன்னதில்லை.