சீர் மாடு

எழுமலைப் பக்கத்துப் பால் சங்கத்தின் தலைவர் நாற்காலி இரும்பால் ஆனது; ஒரு கால் சற்றுக் குட்டை. அதில் உட்கார நல்லகாமன் ஆசைப்பட்டதில் குற்றமில்லை. ஊரில் பாதிப் பேருக்கு அந்த ஆசை உண்டு. தங்கை நாகஜோதியின் கணவர் தங்கப்பாண்டிக்கும் இருந்தது.

தேர்தலில் நிற்பவர் தன் உறுப்பினர் எண்ணில் பால் ஊற்றியிருக்க வேண்டும் என்பது விதி. நல்லகாமன் காய்ச்சலிலும் தவறாமல் ஊற்றியவர். எல்லாமே தங்கை எண்ணில்தான். அவளுக்குக் கல்யாணச் சீராக ஒரு மாடு கொடுத்திருந்தார். வாக்கப்பட்ட வீட்டில் மனிதர் கால் நீட்டவே இடமில்லை; மாடு இவர் கொட்டத்திலேயே நின்றது. தீவனம் போடுவது இவர், கறப்பது இவர், காசு அவளுக்கு. தனக்கென்று ஓர் எண் இருப்பதே அவருக்கு மறந்துபோயிருந்தது.

தங்கப்பாண்டிக்கு மறக்கவில்லை. வேட்புமனுப் பரிசீலனையில் எழுந்தார். "மச்சான் மேல மரியாதை இருக்கு சார். ஆனா அவரு எண்ணுல ஒரு சொட்டுப் பால் ஏறல." அந்தப் பால் காசில் வாங்கிய சட்டையைத்தான் போட்டிருந்தார்.

மனு தள்ளுபடியானது. மாப்பிள்ளை தலைவரானார்.

மச்சான் மதுரைக்கு பஸ் ஏறினார். உயர்நீதிமன்றம், முதலில் துணைப்பதிவாளரிடம் போய் முறையிடச் சொன்னது. அந்த மனுவை எழுதப் போன இடத்தில் விளாங்குடி வக்கீல் ஹரிநாராயணன் ஒரே கேள்விதான் கேட்டார்.

"மாடு யாரோடது?"

"தங்கச்சியோடது சார்."

"அப்ப கேஸ் நிக்காது. போயிட்டு வாங்க."

வாசல் வரை போனவர் திரும்பி வந்தார். "என்னோடதுன்னா?"

"உங்க மாட்டுப் பாலைத் தப்பா அவங்க எண்ணுல ஏத்திட்டாங்கன்னு எழுதலாம். சீர் குடுத்ததா நாளைக்கு யாரும் கிளம்பி வந்தா?"

"வெறும் பேப்பர்தான சார், எழுதுங்க."

நியாயமான ஒரு விஷயத்துக்காக ஒரே ஒரு பொய். கையெழுத்து அழகாகவே விழுந்தது.

விசாரணைக்கு வந்த அதிகாரிகள் மாறிக்கொண்டே இருந்தார்கள். கடைசியில் ஒருவர் நிலைத்தார். தங்கப்பாண்டி தன் தரப்புச் சாட்சியாக மனைவியைக் கூட்டி வந்தார். "மாடு சீராக் குடுத்ததுன்னு உண்மையச் சொல்லு, போதும்."

எழுத்தர் மனுவை வாசித்தார்: "மேற்படி பசு மனுதாரரின் சொந்த உடைமை. அது எக்காலத்திலும் எவருக்கும் கொடுக்கப்படவில்லை."

நாகஜோதி அண்ணனைப் பார்த்தாள். அவர் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சொல்லும்மா, மாடு யாருது?" என்றார் அதிகாரி.

"அண்ணன் மாடுதாங்கய்யா. எனக்கு ஒண்ணும் குடுக்கல."

தேர்தல் செல்லாது என்று உத்தரவு வந்தது. அதற்குள் அந்த நிர்வாகக் குழுவின் காலமே முடிந்து, சங்கம் தனி அலுவலர் கைக்குப் போயிருந்தது. வென்றவருக்கு உட்கார நாற்காலி இல்லை. தோற்றவர் உட்கார்ந்து எழுந்தே போய்விட்டார். நாகஜோதியை மட்டும் மாமியார் தண்ணீர்க் குழாயடியில் வைத்தே கேட்டாள்: "வெறுங்கையோட வந்தவதானடி நீ? கவர்மெண்டுலயே எழுதிக் குடுத்தாச்சே."

மாட்டுப் பொங்கலன்று நல்லகாமன் மாட்டைக் குளிப்பாட்டி, கொம்புக்கு வர்ணம் பூசி, தங்கை வீட்டு வாசலுக்கு ஓட்டிப் போனார்.

"பிடி தாயி. ஒன் மாடு."

"எதுண்ணே எம் மாடு?" அவள் கை முந்தானைக்குள்ளேயே இருந்தது. "அம்புட்டுப் பேரு முன்னாடி இல்லைன்னு சொல்லிட்டு வந்திருக்கேன். இப்ப வாங்குனா நான் பொய் சொன்னதா ஆகும். நீயும் சொன்னதா ஆகும்."

"எனக்காகத்தான தாயி சொன்ன?"

"பெறகு யாருக்காக?"

உள்ளே போய் ஒரு வாளி கழனித்தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். மாடு குடித்து முடிக்கும்வரை அதன் கழுத்தைத் தடவிக்கொண்டு நின்றாள்.

"ஓட்டிட்டுப் போண்ணே. வெயில் ஏறுது."