யோகமலர் சைக்கிளை விட்டு இறங்கிய இடம்

கனடாவின் ஸ்காபரோவில் ஒரு தமிழ்ப் பெண் சைக்கிள் ஓடினால் ஊர் இரண்டு காரணம்தான் சொல்லும். குடிவெறியில் கார் ஓடி லைசென்ஸைப் பறிகொடுத்துவிட்டாள், அல்லது புருசன் விட்டுவிட்டுப் போய்விட்டான். என் மச்சாள் யோகமலருக்கு இரண்டையுமே சொன்னார்கள். அவள் தேநீரைத் தவிர வேறெதையும் குடித்துப் பழகாதவள். அவளுடைய புருசன், அதாவது என் அண்ணன் சண்முகலிங்கம், அவளைக் கேட்காமல் கடைக்குக்கூடப் போகமாட்டான். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா?

யோகமலரும் நானும் பெண்கள் பள்ளிக்கூடத்தில் ஒரே வகுப்பில் படித்தவர்கள். அண்ணனைக் கட்டியதால் எனக்கு மச்சாள் ஆனாள், அவ்வளவுதான். மோர்னிங்சைட்டில் அடுக்குமாடி வீடு. வோபர்னில் ஒரு பல் டொக்டரிடம் வரவேற்பு மேசையில் வேலை. பனி இல்லாத மாதங்களில் போவதும் வருவதும் சைக்கிளில்தான். நடுவில் வீதி ஒரு பெரிய பள்ளத்துக்குள் இறங்கி ஏறுகிறது. அந்த ஏற்றத்தில் இறுக்கமான விளையாட்டு உடுப்புப் போட்ட பெடியன்களே இறங்கி உருட்டுவார்கள். இவள் இறங்கமாட்டாள். மூச்சு வாங்க, முகம் கறுக்க, எறும்பு ஊர்வதுபோல ஊர்ந்து ஏறுவாள். ஒருநாள் காரை அவளுக்குப் பக்கத்தில் மெதுவாக ஓட்டி, கண்ணாடியை இறக்கி, "எடியே, இறங்கி உருட்டினால் என்ன குறைஞ்சே போவாய்?" என்று கத்தினேன்.

"இறங்கினது காணும்" என்றாள். "இனி ஒருத்தனுக்கும் இறங்கமாட்டன். மேட்டுக்கும் இறங்கமாட்டன்."

ஒருத்தனுக்கும் என்றால் யாருக்கு என்று அந்தக் காலத்தில் யாழ்ப்பாணத்தில் இருந்தவர்களுக்கு விளங்கும். மற்றவர்களுக்குச் சொல்லத்தான் வேண்டும். இராணுவம் ஊரைப் பிடித்த பிறகு சந்திக்குச் சந்தி காவலரண் போட்டார்கள். நாங்கள் அதைச் சென்றி என்போம். சென்றி வருகிறது என்றால் சைக்கிளை விட்டு இறங்க வேண்டும், தொப்பி போட்டிருந்தால் கழற்ற வேண்டும், அடையாள அட்டையைக் கையில் எடுக்க வேண்டும், தலையைக் குனிந்துகொண்டு உருட்டிப் போக வேண்டும். தாண்டிய பிறகுதான் ஏறலாம். வாத்தியாரோ வயிற்றுப்பிள்ளைக்காரியோ, எல்லோருக்கும் ஒரே சட்டம். சந்தைக்குப் போய்வருவதற்குள் எத்தனை தரம் இறங்கி ஏறுவோம் என்று யாரும் எண்ணியதில்லை. எண்ணினால் விசர் பிடித்திருக்கும்.

அப்படி ஒருநாள் யோகமலர் தன் அக்கா குணவதியைக் கரியரில் ஏற்றிக்கொண்டு போனாள். குணவதி அக்கா பள்ளிக்கூட ஆசிரியை. சென்றியடியில் இரண்டு பேரும் இறங்கி ஒழுங்காகத்தான் உருட்டினார்கள். வீதியில் ஒரு குழி. சில்லு விழுந்து எழும்ப, இளகிக் கிடந்த பெல் கிணிங் என்றது. தன்னைப் பார்த்துத்தான் பெல் அடித்தார்கள் என்று அங்கே நின்றவன் பிடித்துக்கொண்டான். பெல்லைக் கழற்றிப் பற்றைக்குள் எறிந்தான். இரண்டு பேரையும் வெயிலில் நிறுத்தினான். பள்ளிக்கூடம் விட்டு வந்த பிள்ளைகள், தங்கள் ரீச்சர் சைக்கிள் ஹாண்டிலைப் பிடித்தபடி நிற்பதைப் பார்த்துப் பார்த்து உருட்டிக்கொண்டு போனார்கள். அழத் தொடங்கிய தங்கச்சியிடம் அக்கா வாய் அசையாமல் சொன்னாளாம்: "அழாதை. ஒருநாளைக்கு இதால பெல் அடிச்சுக்கொண்டு போவம்."

பிறகு யோகமலர் கனடாவுக்கு வந்தாள். சமாதான காலத்தில் அக்கா, இயக்கத்தின் கையில் இருந்த கிளிநொச்சிக்கு மாற்றம் கேட்டுப் போனாள். போக வேண்டாம் என்று இங்கிருந்து எல்லோரும் சொன்னோம். அக்காவும் தங்கச்சியும் ஒரே விதை. சொல்லிக் கேட்கிற ஆட்கள் இல்லை.

இரண்டாயிரத்து ஒன்பது சித்திரையோடு அக்காவின் போன் நின்றது. ரொறன்ரோ நகரத்தின் நடுவீதியில் நின்று, போரை நிறுத்தச் சொல்லி நாங்கள் தொண்டை கிழியக் கத்தினோம். யோகமலர் அங்கேயும் சைக்கிளோடு வந்தாள். கூட்டத்தை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்த ஒரு பொலிஸ்காரர், மரியாதையாகத்தான், இந்த இடத்தில் இறங்கி உருட்டுங்கள் அம்மா என்றார். சுற்றிப் போகிறேன் என்று சொல்லிவிட்டு, நாலு தெரு சுற்றி, மறுபக்கத்தால் வந்து எங்களோடு சேர்ந்தாள். வைகாசியில் எல்லாம் முடிந்தது என்று தொலைக்காட்சியில் சொன்னார்கள். கொழும்பில் வெடி கொளுத்திப் பாற்சோறு கொடுப்பதைக் காட்டினார்கள். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அந்தத் தொலைக்காட்சியைத் தூக்கிப் போட்டு உடைத்திருப்பேன். அது அண்ணனுடையது என்பதால் தப்பியது. குணவதி அக்கா உயிரோடு இருக்கிறாளா என்று சொல்ல ஒரு மனிதர் இல்லை.

யோகமலரின் மகள் சாம்பவி அப்போது பெர்லினில் படித்துக்கொண்டிருந்தாள். தாய்க்கு ஐம்பது வயது ஆகிறது, வந்து நில்லுங்கள், வழிகாட்டி ஒருவரோடு சைக்கிளிலேயே பழைய நகரத்தைச் சுற்றிப் பார்ப்போம் என்று மாசியிலேயே எல்லாம் பதிந்து வைத்திருந்தாள். அண்ணனுக்கு இடுப்பு நோ. "நான் வரேல்லை, நீர் போம்" என்று மனைவியிடம் சொல்லிவிட்டு, காவலுக்கு என்னைக் கோர்த்துவிட்டான். 

பயணச் செய்தி காற்றோடு போய், கீழ்மாடியில் இருக்கும் இரத்தினவேல் அண்ணையின் காதில் விழுந்தது. கோயில் சபையில் இருக்கிறவர். ஊரில் சாவு விழுந்தால் யாருக்கு எத்தனை நாள் துடக்கு, அதாவது தீட்டு, என்று கேட்காமலே சொல்வார். ஒரு பின்னேரம் ஏறி வந்து, தேநீரைக் கையில் வாங்கிக்கொண்டே தொடங்கினார்.

"சாவீட்டுக்கு நடுவில ஊர் பாக்க வெளிக்கிடுறியளோ பிள்ளை? சனம் என்ன கதைக்கும்?"

"அக்கா செத்திட்டா எண்டு உங்களுக்கு ஆர் அண்ணை சொன்னது?"

"நான் அப்பிடிச் சொல்லேல்லை. எண்டாலும், துடக்கு எண்டொண்டு இருக்கெல்லோ."

"இருக்கு. எங்கட இனத்துக்கே துடக்குத்தான். எத்தினை நாளைக்கு எண்டு சொல்லுங்கோ. முப்பத்தொண்டோ? ஒரு வருசமோ? சவத்தைக் கொண்டுவந்து காட்டுங்கோ, நான் துடக்குக் காக்கிறன். அதுமட்டும் என்ரை அக்கா உயிரோடைதான் இருக்கிறா. நான் சைக்கிள் ஓடத்தான் போறன்."

இரத்தினவேல் அண்ணை தேநீரைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தார். எனக்குக் கை தட்ட வேண்டும்போல இருந்தது.

பெர்லினில் எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவன் பெயர் அல்பேட். விளக்குக் கம்பம் உயரம். ஒல்லாந்துச் சோடி ஒன்று, அவுஸ்திரேலியப் பெடியன்கள், நாங்கள் மூன்று பேர் என்று ஒரு சின்னக் கூட்டம். அந்த ஊர்ச் சைக்கிளில் பெடலைப் பின்னுக்கு மிதித்தால் பிரேக் பிடிக்கும். எங்கள் ஊர் வழக்கப்படி சும்மா பின்னுக்குச் சுழற்றப் போய், புறப்பட்ட இடத்திலேயே நான் விழுந்தேன். குப்புற விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டவில்லை என்பார்கள். மீசை இல்லாத எனக்கு அந்தச் சாட்டும் கிடைக்கவில்லை. யோகமலரோ பிறந்ததே அந்தச் சைக்கிள் சீற்றில் என்பதுபோல முன்னால் போய்க்கொண்டிருந்தாள்.

பச்சைக் கூம்பு வைத்த பெரிய தேவாலயம், தூண் தூணாக நின்ற நூதனசாலைகள், நடுவே ஆறு. எல்லாவற்றையும் அல்பேட் ஆங்கிலத்தில் விளக்கினான். யோகமலர் தலையாட்டிக்கொண்டு வந்தாள். அவள் உண்மையில் காது கொடுத்துக் கேட்டது ஒரே இடத்தில். நகரத்தைப் பிரித்து நின்ற மதில் போன வழியை, தார் வீதியின் நடுவே இரட்டை வரிசைக் கல்லாகப் பதித்து வைத்திருந்தார்கள். 

"ஆர் உடைச்சதெண்டு கேள்" என்று மகளிடம் சொன்னாள். 

சாம்பவி கேட்டாள். சனங்கள்தான் என்றான் அல்பேட், இருபது வருசத்துக்கு முன்னால். யோகமலர் அந்தக் கல் வரிசையின் மேலால் இந்தப் பக்கம் ஒருக்கா, அந்தப் பக்கம் ஒருக்கா ஓடினாள். "விழுந்ததெல்லோ! விழாதெண்டு நிண்டதும் விழுந்ததெல்லோ!" என்று என்னைப் பார்த்துக் கத்தினாள். வைகாசிக்குப் பிறகு அவள் முகத்தில் நான் கண்ட முதல் சிரிப்பு அது.

அடுத்த தெருவில் திரும்பினோம். வீதி நடுவே ஒரு சின்ன வெள்ளைக் கொட்டில். முன்னால் மணல் மூட்டை. இரண்டு பக்கமும் சீருடையோடு இரண்டு பேர்.

யோகமலர் இறங்கினாள். 

ஹெல்மெட்டைக் கழற்றினாள், தலையைக் குனிந்தாள், கைப்பைக்குள் கையை விட்டு எதையோ எடுத்தாள், சைக்கிளை உருட்டத் தொடங்கினாள். ஏன் இறங்குகிறாய் என்று கேட்க வாயைத் திறந்தேன். அப்போதுதான் என் இரண்டு காலும் தரையில் இருப்பதைக் கண்டேன். என் ஹெல்மெட்டும் கையில் இருந்தது. தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். சென்றிப் பழக்கம் பெர்லின் மட்டும் வந்திருந்தது.

எங்களுக்குப் பின்னால் வந்தவர்கள் இது இங்கத்தைய சட்டமாக்கும் என்று நினைத்துவிட்டார்கள். ஒல்லாந்துச் சோடி இறங்கியது, அவுஸ்திரேலியப் பெடியன்கள் இறங்கினார்கள், ஹெல்மெட்டையும் கழற்றினார்கள். வெள்ளைக்காரர் எல்லோரும் வரிசையாக, தலைகுனிந்து, சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார்கள். சிரிப்பதா அழுவதா என்று தெரியாத காட்சி. முன்னால் ஓடிப்போன அல்பேட் திரும்பிப் பார்த்துத் திகைத்து நின்றான்.

சீருடைக்காரரில் ஒருவன் சிரித்துக்கொண்டே கையை நீட்டினான். யோகமலர் அவனிடம் தன் ஒன்ராறியோ லைசென்ஸைக் கொடுத்தாள். அவன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, பாஸ்போட்டைத் தந்தால் ஞாபகத்துக்கு ஒரு முத்திரை குத்தித் தரலாம், பக்கத்தில் நின்று படமும் எடுக்கலாம் என்றான்.

சாம்பவி ஓடிவந்தாள். "அம்மா, ஏன் இறங்கினனீங்கள்? தே ஆர் ஜஸ்ட் அக்டர்ஸ், அம்மா. மதில் நிண்ட காலத்துச் செக்பொயின்ட் இது, இப்ப சும்மா டூரிஸ்டுகளுக்கு வேசம் போட்டு நிக்கினம்."

யோகமலர் லைசென்ஸைப் பறித்துக்கொண்டு நடைபாதை விளிம்பில் போய் உட்கார்ந்தாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். 

"இத்தினை வருசமா ஒரு மேட்டுக்கு இறங்கேல்லை மச்சாள்" என்றாள். "இப்ப ஒரு பொம்மைக்கு இறங்கிட்டன். அப்ப அவங்கள் இன்னும் எனக்குள்ளதான் நிக்கிறாங்கள்."

"எழும்படி. நானுந்தானே இறங்கினனான்" என்றேன்.

அவள் எழும்பினாள். ஹெல்மெட்டை மாட்டினாள். நேரம் போகிறது, அடுத்த இடத்துக்குப் போக வேண்டும் என்று அல்பேட் மெல்லச் சொன்னான். 

"ஒருக்கா நிக்கச் சொல்லு" என்று மகளிடம் சொல்லிவிட்டு, வந்த வழியே தெருமுனை வரை சைக்கிளை உருட்டிக்கொண்டு போனாள். அங்கே ஏறினாள். ஏறியதும் பெல்லில் பெருவிரலை வைத்தாள்.

அந்தத் தெரு முழுக்கத் திரும்பிப் பார்த்தது. கிணிங் கிணிங் என்று விடாமல் அடித்துக்கொண்டு, தலையை நிமிர்த்தி, நேரே கொட்டிலை நோக்கி வந்தாள். விளையாட்டு என்று நினைத்த சீருடைக்காரன் நடுவில் வந்து உள்ளங்கையை உயர்த்தி "ஹோல்ட்!" என்று கத்தினான். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். 

யோகமலர் மிதிப்பதைக் குறைக்கவில்லை. "இறங்கமாட்டன்ரா!" என்று தமிழில் ஒரு சத்தம் போட்டாள். அவன் துள்ளி ஒதுங்கினான். அவனுக்குத் தமிழ் தெரியாது, ஆனால் முகத்தைப் பார்த்தால் விளங்கும்தானே. இவள் அவன் முகத்தை நேருக்கு நேர் பார்த்தபடி தாண்டிப் போனாள்.

நான் விடுவேனா? நானும் திரும்பிப் போய் ஏறினேன். என் சைக்கிளின் பெல் இறுகிப்போயிருந்தது. அதனால் வாயாலேயே கிணிங் கிணிங் என்று கத்திக்கொண்டு ஓடினேன். இந்த முறை விழவில்லை.

ரொறன்ரோவுக்குத் திரும்பி வந்த பிறகு இரத்தினவேல் அண்ணை லிஃப்டில் கண்டு, பெர்லினில் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டார். "சைக்கிள் ஓடினம்" என்றாள் யோகமலர்.

புரட்டாதியில் ஒரு ஞாயிறு காலை. நானும் அண்ணன் வீட்டில் இருந்தேன். தெரியாத இலக்கத்திலிருந்து போன் வந்தது. யோகமலர் எடுத்து, எல்லோருக்கும் கேட்கும்படி ஸ்பீக்கரைப் போட்டாள்.

"பிள்ளை, நான் குணவதி. ஆமியின்ரை முகாமில கம்பிக்குள்ள இருக்கிறன். ஒருத்தற்றை போனில ஒளிச்சுக் கதைக்கிறன். கெதியாக் கதை."

அண்ணன் வாய்விட்டு அழுதான். நானும் அழுதேன். நேரம் இல்லை, கெதியாக் கதை என்று சொன்னால் நாங்களெல்லாம் சாப்பிட்டாயா, காயமா என்றுதான் கேட்டிருப்போம். யோகமலர் அதையெல்லாம் கேட்கவில்லை.

"அக்கா, பெர்லினில ஒரு சென்றி கண்டனான். உண்மையானதில்லை, வேசம். முதல்ல இறங்கிட்டன் அக்கா. பிறகு திரும்பிப் போய், இறங்காமல் தாண்டினன்."

மறுபக்கத்தில் அக்காவின் குரல், அந்தப் பழைய ரீச்சர் குரல், கேட்டது.

"பெல் அடிச்சனியோ?"

யோகமலர் போனைக் கொண்டு பல்கனிக்குப் போனாள். அங்கே சாத்தி வைத்திருந்த சைக்கிளின் ஹாண்டிலோடு போனைச் சேர்த்துப் பிடித்துப் பெல்லை அடித்தாள். அடித்துக்கொண்டே நின்றாள். கீழ்மாடியில் இரத்தினவேல் அண்ணை வெளியே வந்து, கழுத்தை வளைத்து மேலே பார்த்தார். அவள் நிறுத்தவில்லை.

போனுக்குள் அக்கா சிரித்தாள்.

"இன்னும் பலமா அடியடி" என்றாள். "இஞ்சை நிக்கிறவங்களுக்கும் கேக்கட்டும்."