படிக்காமல் போட்ட கையெழுத்து

அக்கா மகள் ஒன்பதாவது படிக்கும்போது பள்ளிக் கலைவிழாவில் தனிநடிப்புக்குப் பெயர் கொடுத்தாள். தாலுகாவில் முதலிடம். மாவட்டத்திலும் ஜெயித்தால் மாநிலப் போட்டி. மாவட்டப் போட்டி ஒரு வேலைநாளில் வந்தது. எங்கள் ஊரிகம் லைன், மூடிப்போன தங்கச் சுரங்கத்தின் தொழிலாளர் குடியிருப்பு; அங்கே வேலைநாளில் பெரியவர்களைப் பார்க்க முடியாது. விடியும் முன்பே பெங்களூர் ரயிலில் ஏறிவிடுவார்கள். அக்காவும் கார்மென்ட்ஸுக்கு அப்படித்தான் போகிறாள். அவள் வீட்டுக்காரர் இறந்துவிட்டார். நான் கோவாவில் ஓட்டல் வேலையை விட்டுவிட்டு வந்து சும்மா கிடந்தேன். அதனால் கார்டியனாக நான் போனேன்.

"இன்னா மாமா, லுங்கியோட கிளம்பிகினு இருக்க? கார்டியன்னா பேன்ட் போடணும்" என்றாள். போட்டுக்கொண்டேன்.

சுரங்க ஷாஃப்ட் வாசலில், புருஷன் ஆள் ஏற்றி இறக்கும் கேஜில் மேலே வருவானா என்று காத்திருக்கும் ஒருத்தியாக அவள் நடித்தாள். கன்னடத்தில்தான். முடிந்ததும் மண்டபமே கை தட்டியது. ஆனால் இரண்டாமிடம் என்றார்கள். சுவரில் ஒட்டிய மார்க் தாளில் அவளுக்கு ஒரு நடுவர் போட்ட எண்ணை யாரோ அடித்துக் குறைத்திருந்தார்கள். திருத்தத்துக்குப் பக்கத்தில் கையெழுத்துகூட இல்லை.

அவள் பள்ளி சார் வேகமாக வந்தார். பக்கத்துப் பாலகாட் லைன்காரர், எங்கள் தமிழ் ஜனம்தான்.

"இத விடக்கூடாதுப்பா. ஒரு மணி நேரத்துக்குள்ள அப்பீல் குடுக்கணும். நானே எழுதிட்டேன். பாப்பா டிரெஸ் மாத்திட்டு வர்றதுக்குள்ள கையெழுத்துப் போடு, குடுத்துட்டு வந்துர்றேன்."

தாள் கன்னடத்தில் இருந்தது. நான் ஆறாவதோடு நின்றவன். ஊர் ஊராகச் சுற்றியதில் ஐந்து பாஷை பேசுவேன்; படிக்கத் தெரிந்தது தமிழ் மட்டும். கையெழுத்துப் போட்டேன்.

"நம்ம பொண்ணு ஸ்டேட்டுக்குப் போவுது பாரு" என்று முதுகில் தட்டிவிட்டுப் போனார்.

அப்பீலுக்குப் பதிலே வரவில்லை. சாரைக் கேட்டால் "வரும், வரும்" என்றார். மாநிலப் போட்டி நெருங்கியதும், எங்கள் ஊரிலிருந்து போய் வக்கீலான ஒருவரைப் பிடித்து பெங்களூர் ஹைகோர்ட்டில் மனு போட்டோம்.

நீதிபதி நிதானமாகக் கேட்டார். யார் நன்றாக நடித்தார்கள் என்று கோர்ட் சொல்லாது, மார்க்கைத் திருத்தியது முறையா என்று மட்டும் பார்க்கும் என்றார். எங்கள் வக்கீல் முகம் தெளிந்தது. அப்போது அரசு வக்கீல் ஒரு தாளை நீட்டினார். முடிவை ஏற்கிறோம், ஆட்சேபம் எதுவும் இல்லை என்று அதில் எழுதியிருந்தது. கீழே தமிழில் என் கையெழுத்து, அதற்குச் சாட்சியாக சாரின் கையெழுத்து.

நீதிபதி என்னைக் கூப்பிட்டு, கையெழுத்து என்னுடையதுதானா என்று கன்னடத்தில் கேட்டார். ஆமாம் என்றேன்.

"கன்னடம் படிக்க வருமா?"

எங்கள் வக்கீல் வராது என்று சொல்லும்படி தலையை ஆட்டினார். இந்தக் கேள்வி எனக்குப் புதிதல்ல. ரேஷன் கடையில், ஸ்டேஷனில், பஸ்ஸில் கேட்டிருக்கிறார்கள்: இங்கேயே பிறந்துவிட்டுக் கன்னடம் வராதா? எங்கள் ஊர்த் தமிழன் எவனும் இதற்கு வராது என்று சொல்லமாட்டான். யோசிக்கும் முன்பே வாய் சொல்லிவிட்டது.

"சென்னாகி பருத்தெ சுவாமி." நன்றாக வரும் ஐயா.

படித்துத்தான் போட்டிருக்கிறார் என்று சொல்லி மனுவைத் தள்ளிவிட்டார்கள்.

சார் ஏன் அப்படிச் செய்தார் என்று தெரியவில்லை. அவர் கேட்ட இடத்துக்கு டிரான்ஸ்பர் வரப்போகிறது என்று பிறகு சொன்னார்கள். அன்று கோர்ட் வாசலுக்கு வந்ததும் அக்கா மகள் கேட்டாள்.

"உனக்குத்தான் படிக்க வராதே மாமா. ஏன் அப்டி சொன்ன?"

"கேட்டாங்க, சொல்லிட்டேன்."

"சார் உன்ன ஏமாத்தினாரு. நீ?"

ரயிலில் தள்ளிப் போய் உட்கார்ந்துகொண்டாள். இரவு அக்கா வேலை முடிந்து வந்து, "இன்னா ஆச்சு?" என்று என்னைத்தான் கேட்டாள். நான் வாயைத் திறக்கும் முன்பு மகள் சொன்னாள்: "தள்ளிட்டாங்கமா. சாரு குடுத்த பேப்பராலதான்."

என்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. அடுத்த வாரம் நான் ஹூப்ளிக்கு வேலை தேடிப் போய்விட்டேன். டிரான்ஸ்பர் வரும்வரை அந்த சார் வகுப்பில் அவள் உட்கார வேண்டியிருந்தது.