தண்ணி லாரி கேம்

"தண்ணி லாரி கேம் கீதாப்பா?"ன்னு கேட்டேன். கடைக்காரன் என்னை ஏற இறங்கப் பாத்தான்.

செங்கல்பட்டு பஸ் ஸ்டாண்டு எதிர்ல, ஜெராக்ஸ் கடைக்கு மேல மாடியில ஒரு கேம்ஸ் கடை. படி ஏறி மூச்சு வாங்கிக்கினு நிக்கிறேன். ரிட்டயர் ஆன ஆளு, தலையில முடி கிடையாது, கையில கட்டப்பை. பைக்குள்ள துண்டு சுத்தி வெச்ச பழைய பிளேஸ்டேஷன் மிஷினு. இந்தக் கோலத்துல ஒருத்தன் வந்து தண்ணி லாரின்னு கேட்டா யாரா இருந்தாலும் அப்படித்தான் பாப்பான். எல்லாம் என் பொண்டாட்டி லோகநாயகியால வந்த வெனை.

அவ எதையும் கேக்காத ஜென்மம். புடவை வேணும், நகை வேணும்னு கல்யாணமானதுலேர்ந்து ஒரு வார்த்தை கேட்டது கிடையாது. நானா வாங்கிக்கினு வந்தாலும், "இப்போ இது யாரு கேட்டா?"ன்னு பீரோவுல வெச்சுப் பூட்டிடுவா. அப்பேர்ப்பட்டவ திடீர்னு ஒரு நாள் காலையில காபிய நீட்டிக்கினே, "இன்னாங்க, எனக்கு ஒண்ணு வேணும்"னா. சரி, இப்பவாவது வாயைத் தொறந்தாளேன்னு சந்தோஷமாக் கேட்டா, தண்ணி லாரி கேம் வேணுமாம். வெள்ளிக்கிழமைக்குள்ள வேணுமாம்.

வெள்ளிக்கிழம சுராயா வர்றா. அதான் விஷயம்.

சுராயா எங்க வூட்டு ஓனரம்மா. சதுரங்கப்பட்டினத்துல கோட்டைக்குப் பின்னாடி தெருவுல ஒரே வூட்டை ரெண்டு போர்ஷனாத் தடுத்து, ஒண்ணுல அவங்க இருந்தாங்க, ஒண்ணு எங்களுக்கு வாடகை. அவ வூட்டுக்காரர் ஜெயினுலாபுதீன் பஜார்ல ஃபேன்சி ஸ்டோர் வெச்சிருந்தாரு. நான் கல்பாக்கம் பிளாண்ட்ல ஷிஃப்ட் வேலை. பின்னாடி எனக்கு டவுன்ஷிப்ல குவார்ட்டர்ஸே கிடைச்சுது. லோகா வரமாட்டேன்னு ஒத்தக் கால்ல நின்னா. காரணம் கேட்டா, அங்க தண்ணி ருசி சரியில்லையாம். எனக்குத் தெரியாதா காரணம்!

தொண்ணூத்தாறுல ஒரு மத்தியானம் சுராயா பின்கதவு வழியா ஒரு நசுங்கின டப்பாவைத் தூக்கிக்கினு வந்தா. டிவி கேம். "டப்பா நசுங்கிப் போச்சுன்னு கடையில யாரும் வாங்க மாட்டேன்றாங்க. எங்க மாமிக்கு டிவின்னாலே ஆவாது. உங்க வூட்ல போட்டுப் பாக்கலாமாக்கா?"ன்னா. மாமியார் சாப்ட்டுட்டுத் தூங்குற நேரமாப் பாத்து வந்திருந்தா.

கூட ஒரு மஞ்சக் கேசட்டு. அதுமேல பூராவும் சைனாக்காரன் எழுத்து. நடுவுல மட்டும் இங்கிலீஷ்ல ஒரு வார்த்தை. லோகா எழுத்துக் கூட்டிப் படிச்சா. டேங்க். டேங்க்னா இன்னா? மொட்டை மாடியில இருக்குறது டேங்க், தண்ணி டேங்க். டிவியில பாத்தா குட்டிக் குட்டி வண்டிங்க, முன்னாடி ஒரு குழாயை நீட்டிக்கினு பீச்சிக்கினே வருது. அப்போ தண்ணி லாரி தானே? வெயில் காலத்துல தெருவுக்கு லாரி வந்தா குடத்தைத் தூக்கிக்கினு சண்டை போட்டவங்க இவங்க. வேற எப்படித் தோணும்? கீழ நடுவுல செங்கல் சுவரு, சுவருக்குள்ள ஒரு பறவை. அது கோழி. கண்ணு மண்ணு தெரியாம ஓட்டிக்கினு வர்ற லாரிக்காரனுங்ககிட்டேர்ந்து கோழியக் காப்பாத்தணும், அதான் கேம்னு ரெண்டு பேருமாச் சேந்து முடிவு பண்ணிட்டாங்க.

மொத நாள் டிவி அலறுன அலறல்ல நான் கட்டில்ல இருந்தே கத்துனேன். இன்னா பண்றது, நைட் ஷிஃப்ட் பாத்துட்டு வந்தவன் பகல்ல தான் தூங்கணும். அன்னியிலேர்ந்து சவுண்டை மொத்தமா எடுத்துட்டாங்க. நடுவுல தொங்குற ஸ்கிரீன் துணிக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவங்க. குசுகுசுன்னு பேச்சு மட்டும் கேக்கும்.

"அக்கா, மேல ரெண்டு பேர் வர்றானுங்க."

"வரட்டும். நீ கோழிகிட்டயே நில்லு. நான் போயி ஒரு கை பாத்துட்டு வரேன்."

"ஐயோ, கோழி! கோழி!"

"கத்தாதடி, அவரு தூங்குறாரு."

இதுல வேடிக்கை இன்னான்னா, லோகா ரோடு தாண்டணும்னா என் கையைப் புடிச்சுக்குவா. கேம்ல அவதான் முன்னாடி பாயுறவ. சுராயா வாய்க்கு பஜாரே பயப்படும். கேம்ல அவ கோழி பக்கத்தை விட்டு ஒரு அடி நகர மாட்டா. கோழி செத்துட்டா நிஜமாவே கண்ணு கலங்கிடும் அவளுக்கு.

என் கட்டில் இரும்புக் கட்டிலு. நான் புரண்டாலே கிறீச்சுங்கும். அந்தச் சத்தம் கேட்டா போதும், சுராயா ஜாய்ஸ்டிக்கைக் கீழ வெச்சுட்டு, முந்தானையைத் தலைக்கு மேல இழுத்துக்கினு, பின்கதவு வழியா போயிடுவா. ஆம்பளை எழுந்தப்புறம் உக்காந்திருக்க மாட்டா. ஆட்டம் பாதியில நின்னாலும் சரிதான். நான் எழுந்தா அன்னிக்கு அவ்ளோதான்.

ரெண்டாயிரத்து ஒண்ணுல ஜெயினுலாபுதீனோட அண்ணன் கோலாலம்பூர்ல ஓட்டல் எடுத்தாரு. குடும்பத்தோட கூப்பிட்டுக்கினாரு. போற அன்னிக்கு சுராயா, "டிவி கேமை நீயே வெச்சுக்கோக்கா"ன்னா.

அப்புறமும் மத்தியானம் ஆனா லோகா கேமைப் போடுவா. ரெண்டு பேர்னு தான் அமுக்குவா. சுராயாவோட லாரி கோழிகிட்ட சும்மா நிக்கும். நகராது. கொஞ்ச நேரத்துல எவனாவது வந்து அதை அடிச்சுட்டுப் போயிடுவான். இவ ஜாய்ஸ்டிக்கை மடியில போட்டுக்கினு டிவியவே பாத்துக்கினு இருப்பா. வாயைத் தொறந்து ஒரு வார்த்தை சொன்னதில்ல. சொல்லியிருந்தா கூட எனக்குத் தேவலாம்னு இருந்திருக்கும். வூடு அவ்ளோ அமைதி. அந்த அமைதியில எனக்குத் தூக்கம் வரல. டாக்டர் மாத்திரை எழுதிக் கொடுத்தாரு. மாத்திரை போட்டா தூக்கம் வருமா? பக்கத்துல யாரோ குசுகுசுன்னு பேசினாத்தான் வரும்னு டாக்டர்கிட்ட எந்த வாயால சொல்றது?

உப்புக் காத்துல டிவி கேமும் துருப் புடிச்சுச் செத்துது. பெருநாளுக்குப் பெருநாள் சுராயாகிட்டேர்ந்து ஒரு போன் வரும். இந்தத் தடவை பெருநாள் இல்லாமலே வந்துது. வூட்டை வித்தாச்சாம். வெள்ளிக்கிழம திருக்கழுக்குன்றத்துல பத்திரம் பதியுறாங்களாம். மத்தியானம் வூட்டை ஒரு தடவை பாத்துட்டு, அன்னிக்கே பிளேனாம். வாங்குனவரு இடிச்சுட்டு வேற கட்டப் போறாரு. நாங்க மதுராந்தகத்துல கட்டுன வூட்டுக்குப் போறோம். வூடே இல்லாதப்போ சுராயாவுக்கு இனிமே இந்தப் பக்கம் இன்னா வேலை? இதை லோகா சொல்லல. காபியக் கொடுத்துட்டு நின்னா பாரு, அந்த நிப்புல எனக்கே தெரிஞ்சுது.

பையன் பாலா பெங்களூர்ல வேலைக்குப் போனப்போ பரண் மேல போட்டுட்டுப் போன மிஷினு தான் இந்த பிளேஸ்டேஷன். போன்ல கேட்டதுக்கு, "பழைய கேம் எல்லாம் இப்போ நெட்ல கிடைக்கும்பா. செங்கல்பட்டுல நரசிம்மன்னு ஒருத்தர். மெமரி கார்டுல ஒரு சாஃப்ட்வேர் ஏத்தி, பென் டிரைவ்ல கேமைப் போட்டுக் கொடுப்பாரு. கேம் பேரு மட்டும் கரெக்டா சொல்லுங்க"ன்னான்.

கரெக்டாத் தான் சொன்னேன். தண்ணி லாரி கேம்.

நரசிம்மன் நல்ல மனுஷன். கம்ப்யூட்டர்ல லாரின்னு தேடுனான். மலைப் பாதையில லாரி ஓட்டுற கேமைக் காட்டுனான். இது இல்லன்னேன். தண்ணின்னு தேடுனான். தீயணைப்பு வண்டி வந்துது. இதுவும் இல்லன்னேன். அப்புறம் பழைய டிவி கேம் எல்லாத்தையும் மொத்தமா டவுன்லோடு பண்ணி வெச்சிருந்த ஃபோல்டரைத் தொறந்தான். ஆயிரக்கணக்குல பேரு வரிசையா ஓடுது. ஒண்ணொண்ணாத் தொறந்து காட்டுறான். எனக்கு இன்னா தெரியும்? நான் தான் ஸ்கிரீன் துணிக்கு இந்தப் பக்கம் படுத்திருந்தவனாச்சே. ஒரு நாளும் கிட்ட உக்காந்து பாத்ததில்லையே.

"இன்னா அண்ணாத்த, பேஜாரு பண்றியே. வேற ஏதாவது அடையாளம் சொல்லு"ன்னான்.

கோழி வரும்னேன், கோழிப் பண்ணை கேமைக் காட்டுனான். எனக்கும் கோவம் வந்துட்டுது. லோகாவுக்குப் போன் போட்டு அவன்கிட்டயே கொடுத்துட்டேன். அவ சொல்லச் சொல்ல அவன் முகம் மாறுது. "கீழ நடுவுல கோழியா? சுத்தி செங்கல்லா? மேலேர்ந்து வண்டி வருதா?" போனைக் கீழ வெச்சுட்டு விழுந்து விழுந்து சிரிச்சான். "அண்ணாத்த, அது பீரங்கி வண்டி! மிலிட்டரி டாங்கி! அது கோழி இல்ல, கழுகு! டாங்கி கேமுன்னு சொல்லியிருந்தா அப்பவே எடுத்துக் கொடுத்திருப்பேனே!"

"எங்க வூட்ல அது கோழி தான்பா. நீ ஏத்து"ன்னேன்.

பழைய மெமரி கார்டு ஏறல. புதுசு போட்டான். பென் டிரைவை மிஷினு கண்டுக்கல. அழிச்சுட்டு மறுபடியும் காப்பி பண்ணான். கடைசியா கறுப்பு ஸ்கிரீன்ல பேரு வந்து நின்னுது. அவன் ஒரு பட்டனை அமுக்குனான். டுடுடுன்னு ஒரு மெட்டு துள்ளிக்கினு வந்துது பாரு, எனக்குத் தூக்கி வாரிப் போட்டுது. இத்தினி வருஷம் என் வூட்ல ஓடுன கேம், அதோட சத்தத்தை மொத நாளுக்கு அப்புறம் இப்போ தான் கேக்குறேன்.

"ஜாய்ஸ்டிக் ஒண்ணு தானே கீது. இன்னொண்ணு வேணுமா? யாரு ஆடுறது, பேரப் பசங்களா?"

"இன்னொண்ணு கண்டிப்பா வேணும்"னு மட்டும் சொன்னேன்.

வெள்ளிக்கிழம லோகா காலையிலேர்ந்து ரெடி. ரெண்டு ஜாய்ஸ்டிக்கையும் டீப்பாய் மேல வெச்சு, மேல ஒரு பூத்துவாலை போட்டு மூடியிருந்தா. பத்திர ஆபீஸ்ல இழுத்தடிச்சு, அவங்க வந்து சேர நாலு மணிக்கு மேல ஆயிடுச்சு. ஜெயினுலாபுதீனுக்குத் தாடி பூரா வெளுத்துப் போச்சு. பையன் சைஃபுல்லா ஆளு வளந்து நிக்கிறான். "லேட்டாயிடும் உம்மா, டிராஃபிக் இருக்கும்"னு வாசப்படியிலயே நின்னுக்கினு வாட்ச்சையே பாத்துக்கினு இருக்கான். சுராயா கண்ணாடி போட்டிருந்தா. உடம்பு போட்டிருந்தா. பேச்சுல கூட என்னமோ வேற ஊரு வாடை.

லோகா டீ கொடுத்தா. முறுக்கு கொடுத்தா. பிளேன்ல எத்தினி மணி நேரம்னு கேட்டா. கேமைப் பத்தி மட்டும் பேச்சே எடுக்கல. பெரிய மனுஷியா வந்து உக்காந்திருக்கிறவகிட்ட, வளந்த புள்ள முன்னாடி, கேம் ஆடலாம் வான்னு எப்படிக் கூப்பிடுறதுன்னு வெக்கம். அடியேய், இதுக்கா என்னை மாடிப்படி ஏற வெச்சேன்னு கத்தலாம் போல இருந்துது. சுராயா டீ கிளாஸைக் கீழ வெச்சுட்டு எழுந்தா. சரி, முடிஞ்சுதுன்னு நெனச்சேன்.

கிளாஸை வெச்ச இடத்துல தான் பூத்துவாலை. அதுக்கு அடியிலேர்ந்து ரெண்டு ஒயரு வெளிய நீட்டிக்கினு இருந்துது. சுராயா அதையே பாத்தா.

"இன்னாக்கா இது?"

லோகா தரையப் பாத்துக்கினே, "தண்ணி லாரி"ன்னா.

சுராயா பட்டுப் புடவையோட அப்படியே தரையில உக்காந்தா. லோகா ஓடிப் போயி டிவியப் போட்டா. மிஷினு ஆன் ஆயி அந்த மெட்டு டுடுடுன்னு அலறுச்சு. சுராயா பதறிப் போயி டிவி ரிமோட்டைப் புடுங்கி சவுண்டை எடுத்தா.

"அக்கா! அண்ணன் தூங்குறாரு!"

நான் அவளுக்கு எதிர்ல சேர்ல உக்காந்திருக்கேன், கையில டீ கிளாஸ். சொன்னதுக்கு அப்புறம் தான் அவளுக்கே உறைச்சுது. வாயைப் பொத்திக்கினா. லோகா என்னைப் பாத்தா. அந்தப் பார்வைய நான் சொல்ல முடியாது.

நான் எழுந்தேன். "ஆமாம்மா, தூக்கமாத் தான் வருது"ன்னு சொல்லிட்டு, ஸ்கிரீன் துணிய இழுத்து வுட்டுட்டு, கட்டில்ல போய் படுத்துக் கண்ணை மூடிக்கினேன்.

மொதல்ல பட்டனை அமுக்குற சத்தம். அப்புறம் அந்தக் குசுகுசு வந்துது.

"அக்கா, மேல ஒருத்தன்."

"நீ கோழிகிட்டயே நில்லு. நான் போறேன்."

வெளிய சைஃபுல்லா கார் ஹாரனை அடிச்சான். சுராயா குரலைத் தாழ்த்தி, "அடிக்காதடா, அண்ணன் தூங்குறாரு. எழுந்தப்புறம் போலாம்"னா.

கண்ணுலேர்ந்து தண்ணி வழிஞ்சு காதுக்குள்ள போகுது. இடுப்பு கடுக்குது. இந்தப் பக்கம் திரும்பிப் படுத்தா தேவலாம். திரும்புனா கட்டில் சத்தம் போடும். நான் அசையவே இல்ல.