நி-யில் நிறுத்தக்கூடாது

சனிக்கிழமை பாட்டு வகுப்பில்தான் அது தொடங்கியது. கலிஃபோர்னியாவின் சான்டா கிளாராவில் பாட்டு ஆன்ட்டியின் வீட்டுக் கம்பளத்தில் பிள்ளைகள் உட்கார்ந்திருப்பார்கள். சுவரோரமாகப் பெற்றோர் நாங்கள். ஒருநாள் ஆன்ட்டி, சுத்தமாகப் பாடினால் மழை வரவழைக்கிற ராகம் நம்மிடம் இருக்கிறது என்றார். நாங்கள் எல்லோரும், எஞ்சினியர்களும் எஞ்சினியர்களின் மனைவிகளும், பெருமையாகத் தலையாட்டினோம்.

"அப்ப இங்க ஒண்ணு பாடி விடுங்க ஆன்ட்டி, எங்க லான் புல்லெல்லாம் காஞ்சு கெடக்குது" என்றார் ஒரு அப்பா. எல்லோரும் சிரித்தார்கள். என் மகள் சிரிக்கவில்லை. அப்போது அவளுக்கு ஒன்பது வயது.

காரில் வரும்போது கேட்டாள்: "ஒரு ராகம் மழை கொண்டுவரும்னா, ஒவ்வொரு நோட்டும் தனியா என்னம்மா பண்ணும்?"

நான் கோயம்புத்தூரில் ஒரு கல்லூரியில் இயற்பியல் நடத்தியவள். ஒலி என்றால் காற்று அசைவதுதான், வேறொன்றும் இல்லை என்றேன்.

"அதைத்தான் கேக்கறேன். காத்து மூவ் ஆச்சுன்னா எதையாவது தள்ளுமில்ல?"

அந்த வாரத்துக்குள் அவளுக்கு முழு மந்திரமும் பிடிபட்டுவிட்டது. ச என்பது தரை. அதில் நின்றுகொண்டுதான் எதையும் செய்யலாம். ரி தூரத்தில் இருப்பவர்களைக் கூப்பிடும். க பூட்டியிருப்பதைத் திறக்கும். ம கோபத்தை ஆற்றும். ப சுவர். த சேதி கொண்டுபோகும். நி-தான் ஆபத்தானது. அதில் நிறுத்தக்கூடாது. மேல் ச-வைத் தொட்டுவிட வேண்டும். தொடாவிட்டால் திறந்தது திறந்தபடியே கிடக்கும், வீட்டில் இருப்பதெல்லாம் அது வழியாக வெளியே போய்விடும். சுருதிப் பெட்டியைச் சன்னமாக ஓடவிட்டு, என் குக்கருக்கு ஒரு சுரம், மாடிவீட்டு நாய்க்கு ஒரு சுரம் என்று பாடிக்கொண்டிருப்பாள். எனக்கு அது பிடித்திருந்தது.

இரண்டாயிரத்து ஒன்றில் என் கணவரின் கம்பெனி அவருடைய குழுவையே கலைத்தது. எங்கள் விசா அந்த வேலையோடு பிணைந்தது. சீக்கிரம் வேறு கம்பெனி எடுத்துக்கொள்ளாவிட்டால் ஊருக்குத் திரும்ப வேண்டியதுதான். எனக்கு இங்கே வேலை பார்க்க அனுமதி கிடையாது. அபார்ட்மென்ட் சுவர்கள் மெல்லியவை. நாங்கள் பேசியதெல்லாம் அவளுக்குக் கேட்டிருக்கிறது. பள்ளிக்கூடத்தை, தோழிகளை விட்டுப் போகவேண்டி வரும் என்று அவளுக்குத் தெரியும்.

முதல் ஃபோன் இன்டர்வியூ அன்று அவர் படுக்கையறைக் கதவைச் சாத்திக்கொண்டு பேசினார். ஹாலில் அவள் சுருதிப் பெட்டி முன் உட்கார்ந்து, க-வில் நெடுநேரம் நின்று, மேல் ச வரைக்கும் மெதுவாகப் பாடினாள். அவர் வெளியே வந்து, அடுத்த ரவுண்டுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள் என்றார். அவள் பாடியதைச் சொன்னேன். அவளைத் தூக்கிச் சுற்றினார்.

"எஞ் சாமி, நீதான் கதவத் தொறந்துவுட்டியா?"

அந்த வேலை கடைசியில் கிடைக்கவில்லை. ஆனால் அதன்பிறகு ஒவ்வொரு இன்டர்வியூவுக்கும் அவளைப் பாடச் சொன்னார். முதலில் விளையாட்டாகத்தான். செவ்வாய்க்கிழமை நான் விளக்கு வைத்தால் "கரன்ட் இல்லியா?" என்று கேட்கிற மனிதர், அவள் உட்கார்ந்துவிட்டாளா என்று கதவை லேசாகத் திறந்து பார்த்துவிட்டுத்தான் ஃபோனில் எண்களை அழுத்துவார். ஒருநாள் தோழியின் பிறந்தநாள் பார்ட்டிக்குப் போகமாட்டேன் என்றாள். அப்பாவுக்கு இன்டர்வியூ கால் வந்தால் யார் பாடுவார்கள் என்று கேட்டாள்.

"ஏனுங்க, கொழந்தைய இதுல இழுக்காதீங்க" என்றேன்.

"அவளுக்கு ஒரு சந்தோசம். உனக்கென்ன?"

கடைசிச் சுற்று வரை போன ஒரு கம்பெனி இருந்தது. நேரில் பார்த்து, பிடித்துப்போய், கடைசியாக மேலாளர் ஒருவர் ஃபோனில் பேச வேண்டியதுதான் பாக்கி. அன்று அவளுக்குக் காய்ச்சல், இருமல். மருந்து கொடுத்துப் படுக்க வைத்திருந்தேன். அவர் ஃபோனைக் கையில் வைத்துக்கொண்டு வந்து கட்டிலோரம் குனிந்தார்.

"கண்ணு, ஒரே ஒரு தடவ. மெதுவாப் பாடினாப் போதும்."

போர்வையோடு எழுந்து வந்து உட்கார்ந்தாள். த வரைக்கும் சரியாகத்தான் போனது. நி-யில் இருமல் பிடித்துக்கொண்டது. தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி முயன்றாள். வெறும் மூச்சுதான் வந்தது. கதவுக்குப் பின்னால் அவர் பேசிக்கொண்டிருந்தார். அவள் வாயைப் பொத்திக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

"நான் முடிச்சு வெக்கறேன், கண்ணு" என்றேன்.

"ஆரம்பிச்சவங்கதான்மா முடிக்கணும்."

அடுத்த வாரம் அந்தக் கம்பெனியில், வேலை இல்லை என்று சொல்லிவிட்டார்கள். அவர் ஃபோனை வைத்தார். அவளைப் பார்த்துச் சிரித்தார்.

"அன்னைக்கு நி-யிலயே நின்னுட்டியே, சாமி."

ஜோக்குதானே என்று இன்றைக்கும் சொல்கிறார். இருக்கலாம். அவள் ஆமாம் என்பதுபோல் தலையை அசைத்தாள். போய், ஹாலில் ஓடிக்கொண்டிருந்த சுருதிப் பெட்டியை நிறுத்தினாள்.

அதன்பிறகு அவள் பாடவில்லை. வகுப்புக்கும் போகவில்லை. "ஸ்கூல்ல ஹோம்வொர்க் ஜாஸ்தியா?" என்று பாட்டு ஆன்ட்டி ஃபோனில் கேட்டார். ஆமாம் என்றேன். வீட்டில் அவள் ஜன்னல்களை ஒவ்வொன்றாகச் சாத்தத் தொடங்கினாள். பள்ளிக்கூடம் கிளம்பும்போது நான் பூட்டிய கதவின் குமிழைத் திருகிப் பார்ப்பாள்.

சாமான்களைப் பாதி கட்டிவிட்ட நிலையில்தான் வேலை கிடைத்தது. அவரோடு கல்லூரியில் படித்தவர் ஒருவர் டெக்சாஸில் சொல்லி வைத்த இடம். சாயங்காலம் ஃபோன் வந்தபோது அவள் மேசையில் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தாள். அவர் ஓடி வந்து அவள் தோளைப் பிடித்து உலுக்கினார்.

"கெடச்சிருச்சு கண்ணு. ஊருக்குப் போக வேண்டியதில்ல."

அவள் பென்சிலைக் கீழே வைத்தாள். "யாருப்பா பாடினாங்க?"

"யாரும் பாடல. அப்பாவே வாங்கிட்டேன், பாத்தியா?"



"அப்போ வொர்க் ஆகலைன்னா மட்டும் நானா?"

அவர் என்னைப் பார்த்தார். நான் அவருக்கு உதவவில்லை. பிறகு, எல்லோரும் வெளியே போய்ப் பீட்சா சாப்பிடலாம் என்றார். அவள் ஷூவைத் தேடி மாட்டிக்கொண்டு எங்கள் பின்னால் கடைசியாக வந்தாள். பூட்டிய கதவின் குமிழைத் திருகிப் பார்த்தாள். கார் வரைக்கும் வந்தவள், திரும்பிப் போய் இன்னொரு முறை பார்த்தாள்.